ஒரு மலையூரும் ஒரு மொழியும்

வேல்ஸ் நாட்டின் வடகிழக்கில், இங்கிலாந்தின் எல்லைக்கு அணித்தாய், பெர்வின் மலைச்சாரலில் லன்ரையாடர்-அம்-மொக்நண்ட் என்னும் சிற்றூர் உளது. நாம் எழுதிய இப்பெயரின் முதலெழுத்து உண்மையொலியைக் காட்டாது. நாவினை லகரத்திற்குரிய இடத்தில் நிறுத்தி, குரலெழுப்பாது, மூச்சினை நாவின் ஓரத்தால் விடுங்காற் பிறக்கும் அவ்வொலிக்கு நம் நெடுங்கணக்கில் எழுத்தில்லை. மொக்நண்ட் என்னும் நிலப்பகுதியில் அருவியையடுத்த தேவாலயம் என்பது பெயரின் பொருள். ஊருக்கு மேலே நான்கு மைல் தொலைவில், ஏறக்குறைய 240 அடி உயரத்தினின்று வீழும் அவ்வருவியைக் காணவே பலரும் அங்குச் செல்கின்றனர். நாம் காணப் புகுவது அருவியையன்று; அவ்வூர்க் குருமனையை.

1536ஆம் ஆண்டுச் சட்டம் வேல்ஸ் நாட்டு நீதிமன்றங்களிலும் அரச பதவிகளிலும் ஆங்கிலமே வழங்கவேண்டுமென விதித்தது. பொதுமக்களுட் பெரும்பாலார் ஆங்கிலம் அறியார். 1563இல் அதே பாராளுமன்றம் விவிலியத்தை வெல்ஷ் மொழியிற் பெயர்க்க ஆணையிட்டது. இது மொழிப்பற்றால் விளைந்ததன்று. சீர்திருத்தச் சமயம் மக்களுக்கு விளங்குதல் வேண்டுமென்பதே கருத்து. அன்றியும், ஆங்கில நூலையும் உடன் வைத்தால் இரண்டையும் ஒப்புநோக்குவோர் ஆங்கிலத்தை விரைவிற் கற்பர் என்பதும் அச்சட்டத்திற் காணப்படும் நோக்கமாம்.

1567இல் வில்லியம் சால்ஸ்பரி முதலியோர் புதிய ஏற்பாட்டை வெளியிட்டனர். சால்ஸ்பரி பெரும் புலவர். ஆயினும், சொற்களின் இலத்தீன் மூலம் புலப்படுமாறு அவர் எழுத்தமைத்தமையால், வாசிப்போர் இடர்ப்பட்டனர். புலமை மிகுந்து பயன் குறைந்தது என்போம்.

1578இல் லன்ரையாடருக்குக் குருவாய் வந்தவர் வில்லியம் மோர்கன். பென்மாக்னோ என்னும் மலைநாட்டூரில் 1545இற் பிறந்து, கேம்பிரிட்ஜிற் பயின்று, எபிரேயமும் கிரேக்கமும் கற்றவர். அமைதியான வாழ்வன்று அவருடையது. ஊர்ச் செல்வர் ஒருவரோடு நெடும்பகை. அங்கியின் கீழ்க் கைத்துப்பாக்கி தரித்துத் தேவாலயம் புகுகின்றார் என எதிரிகள் முறையிடுமளவிற்கு அது முற்றியது. அவ்வழக்குகளின் நடுவேதான் அவர் பழைய ஏற்பாட்டைப் பெயர்த்தார். சால்ஸ்பரியின் புதிய ஏற்பாட்டையும் திருத்தினார். பாணர் மரபு பேணிய செம்மொழியையும் மக்கள் செவிக்குப் பழகிய ஒலியையும் அவர் ஒருங்கே கொண்டார். வடபால் வழக்கும் தென்பால் வழக்கும் வேறுபட்ட அந்நாட்டிற்கு ஒரு பொது எழுத்துநடை இதனாற் கிடைத்தது.

இலண்டனில் அச்சுக் கோத்தோர் வெல்ஷ் அறியாதவர். ஆதலின் மோர்கன் ஏறக்குறைய ஓராண்டு வெஸ்ட்மினிஸ்டர் குருமுதல்வர் கபிரியேல் குட்மனின் இல்லத்திற் தங்கி அச்சுப்பிழை திருத்தினார். நூல் 1588இல் வெளிவந்தது.

பின்னர் நிகழ்ந்தது சட்டமியற்றினோர் எண்ணாதது. ஆங்கிலத்திற்கு ஏணியாக வைத்த நூலே வெல்ஷ் மொழிக்கு அரணாயிற்று. 1620இல் திருத்திய பதிப்பும், 1630இல் வீட்டார் கையாளத்தக்க சிறிய பதிப்பும் வந்தன. 1731 முதல் கிரிபித் ஜோன்ஸ் நடாத்திய சுற்றுப் பள்ளிகளில் உழவரும் அவர் பிள்ளைகளும் அந்நடையிலேயே எழுத்தறிந்தனர். அயலிலுள்ள கோர்ன்வால் மொழிக்கு அக்காலத்தில் அச்சிட்ட விவிலியம் வாய்க்கவில்லை. 18ஆம் நூற்றாண்டின் இறுதியளவில் அது வழக்கொழிந்தது. வேல்ஸ் மக்கள் தொகையும் மலையரணும் பெரிது. ஆதலின் நூலொன்றே காரணமென நாம் துணியோம். ஆயினும் அதனை நீக்கியும் காரணங் கூறல் இயலாது.

மோர்கன் 1595இல் ஊரை நீங்கி மேற்றிராணியாராகி, 1604இல் மறைந்தார். 2021ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பின்படி ஏறக்குறைய 538,000 பேர் வெல்ஷ் பேசுவோர், நூற்றுக்குப் பதினெண்மரளவினர்.