எந்த வேலை நம் வேலை?

காலையில் எழுகிறோம். தூக்குச்சட்டியில் சோறு எடுத்துக்கொள்கிறோம். வேலைக்குப் போகிறோம். மாலையில் வீடு திரும்புகிறோம். நம் வாழ்நாளில் பாதிக்கு மேல் இப்படியே போகிறது.

இந்த வேலையை நாம் தேர்ந்தெடுத்தோமா? அல்லது வேலை நம்மைப் பிடித்துக்கொண்டதா?

"அம்மா போன வேலைக்கு நானும் போனேன்." "கிடைத்த வேலையைச் செய்தேன்." நம்மில் பலர் இப்படித்தான் சொல்வோம். இதில் தவறு இல்லை. பசிக்கு முன்னால் தேர்ந்தெடுக்க நேரம் ஏது?

ஆனால் இப்போது நமக்கு எழுதப் படிக்கத் தெரியும். கூட்டல், கழித்தல் தெரியும். ஆகவே ஒரு முறை நின்று யோசிப்போம்.

முதலில் கணக்கு

எங்கள் மையத்தில் ஒரு நாள் இரண்டு வேலைகளைக் கரும்பலகையில் எழுதினேன். எண்கள் கணக்குக்காக எடுத்தவை. உங்கள் ஊர் எண்களைப் போட்டு நீங்களும் செய்து பாருங்கள்.

முதல் வேலை: டவுனில் கட்டட வேலை. சித்தாள் கூலி நாளுக்கு 500 ரூபாய். மாதத்தில் 18 நாள்தான் வேலை கிடைக்கும்.

இரண்டாம் வேலை: பக்கத்துத் தெருவில் தையல் கூடம். நாளுக்கு 300 ரூபாய். மாதத்தில் 26 நாள் வேலை உண்டு.

"எது நல்ல வேலை?" என்று கேட்டேன். "ஐந்நூறுதான்!" என்று எல்லாரும் சொன்னார்கள். வயதில் மூத்த அக்கா ஒருவர் என்னிடம் கேட்டார்: "கூட வர்ற காசை விட்டுட்டு, குறைஞ்ச காசுக்குப் போகச் சொல்றியா, கண்ணு?"

"போகச் சொல்லலை, அக்கா. கணக்குப் போட்டுப் பாருங்கன்னுதான் சொல்றேன்" என்றேன்.

கணக்குப் போட்டோம்.

500 × 18 = 9,000 ரூபாய். பஸ்ஸுக்கு நாளுக்கு 40 ரூபாய். டீ, பலகாரத்துக்கு 30 ரூபாய். ஆக 70 × 18 = 1,260 ரூபாய் செலவு. கையில் நிற்பது 7,740 ரூபாய்.

300 × 26 = 7,800 ரூபாய். நடந்தே போகலாம். வீட்டுக்கு வந்து சாப்பிடலாம். 7,800 ரூபாயும் கையில் நிற்கும்.

பெரிய கூலி, சிறிய கூலியை விட 60 ரூபாய் குறைந்துவிட்டது! வாங்கும் கூலி வேறு. கையில் நிற்கும் கூலி வேறு.

பிறகு மூன்று கேள்விகள்

வித்தியாசம் 60 ரூபாய்தான். அதனால் பணத்தை மட்டும் வைத்து முடிவு செய்ய முடியாது. இன்னும் மூன்று கேள்விகள் உண்டு.

ஒன்று: இந்த வேலையை என் உடம்பு தாங்குமா? இன்றைக்கு மட்டுமல்ல, பத்து வருடம் கழித்தும் தாங்குமா?

இரண்டு: இந்த வேலையில் நான் ஏதாவது கற்றுக்கொள்வேனா? இன்று செங்கல் சுமக்கிறேன். பத்து வருடம் கழித்தும் செங்கல்தான் சுமப்பேனா?

மூன்று: இந்த வேலையால் யாருக்கு என்ன நன்மை? இதைச் செய்தேன் என்று என் பிள்ளையிடம் பெருமையாகச் சொல்வேனா?

மூன்றாவது கேள்வியைக் கேட்டுச் சிலர் சிரிப்பார்கள். "வயிற்றுப்பாட்டுக்குச் செய்கிற வேலையில் பெருமை என்ன?" என்பார்கள். அவர்களுக்காக ஜார்க்கண்ட் மாநிலத்தில் நடந்ததைச் சொல்கிறேன்.

சித்தாள் கொத்தனார் ஆனாள்

2014 அக்டோபர் 2-ஆம் நாள் தூய்மை இந்தியா இயக்கம் தொடங்கியது. வீட்டுக்கு வீடு கழிப்பறை கட்ட வேண்டும். ஜார்க்கண்ட் கிராமங்களில் கொத்தனார் பற்றாக்குறை. ஆண்களில் பலர் பிழைப்புத் தேடி வெளி மாநிலங்களுக்குப் போயிருந்தார்கள்.

பெண்கள் ஊரில் இருந்தார்கள். கல்லும் மண்ணும் சுமந்து பழகியவர்கள். ஆனால் கரணை பிடிக்க அவர்களை யாரும் விட்டதில்லை. சுய உதவிக் குழுப் பெண்களுக்குக் கொத்து வேலை கற்றுக்கொடுத்தார்கள். தூக்குக்குண்டு பிடிக்கவும், மட்டம் பார்க்கவும், கலவை போடவும் அவர்கள் கற்றார்கள்.

இந்தியில் கொத்தனாருக்கு 'ராஜ் மிஸ்திரி' என்று பெயர். ராஜா என்றால் அரசன் அல்லவா? எனவே பெண் கொத்தனாருக்கு 'ராணி மிஸ்திரி' என்று பெயர் வந்தது. ஆயிரக்கணக்கான ராணி மிஸ்திரிகள் உருவானார்கள்.

அவர்கள் கட்டியது பெரும்பாலும் இரட்டைக் குழிக் கழிப்பறை. ஒரு குழி நிறைந்தால் அதை மூடிவிட்டு மற்றதைத் திறப்பார்கள். மூடிய குழியில் இருப்பது நாளடைவில் மக்கி எருவாகும். குழியின் சுவரில் இடைவெளி விட்டுச் செங்கல் அடுக்க வேண்டும். அப்போதுதான் தண்ணீர் மண்ணில் இறங்கும். இடைவெளி விடாமல் கட்டினால் குழி சீக்கிரம் நிரம்பிவிடும். இது நுட்பமான வேலை.

இருட்டும் வரை அடக்கிக்கொண்டு காத்திருக்கும் வேதனை பெண்ணுக்குத் தெரியும். அந்த வேதனையைத் தீர்க்கும் சுவரைப் பெண்ணே எழுப்பினாள். கூலியும் உயர்ந்தது. ஊருக்கும் பயன்பட்டது. வேலையின் பொருள் என்பது இதுதான்.

ஒன்றைக் கவனியுங்கள். இவர்கள் கட்டட வேலையை விட்டுவிட்டு ஓடவில்லை. அதே வேலையில் ஒரு படி மேலே ஏறினார்கள். ஆகவே கட்டட வேலை கெட்டது, தையல் நல்லது என்று நான் சொல்ல வரவில்லை. மேலே ஏறப் படி இருக்கிறதா என்று பார்க்க வேண்டும்.

தெரிந்த வேலையே தொழில் ஆகும்

"எனக்கு எந்தத் தொழிலும் தெரியாதே" என்று சொல்கிறீர்களா?

1959 மார்ச் 15. பம்பாயில் கிர்காவ் பகுதி. ஏழு பெண்கள் ஒரு கட்டடத்தின் மொட்டை மாடியில் கூடினார்கள். அவர்களுக்குத் தெரிந்தது சமையலறை வேலை. 80 ரூபாய் கடன் வாங்கினார்கள். அப்பளம் இட்டார்கள். முதல் நாள் தேறியது நான்கு பாக்கெட். அதுதான் இன்றைய 'லிஜ்ஜத்' அப்பளம். இன்று 40,000-க்கும் மேற்பட்ட பெண்கள் அதில் இருக்கிறார்கள். பிசைந்த மாவை வீட்டுக்கு எடுத்துப் போய், அப்பளம் இட்டுத் திருப்பிக் கொடுத்து, கூலி வாங்குகிறார்கள். அவர்கள் வெறும் கூலியாட்கள் அல்லர், பங்குதாரர்கள். அந்த ஏழு பேரில் ஒருவரான ஜஸ்வந்திபென் ஜம்னாதாஸ் போபட்டுக்கு 2021-ல் பத்மஸ்ரீ விருது கிடைத்தது.

அப்பளம் இடுவதை வீட்டில் யாரும் 'வேலை' என்று சொல்வதில்லை. ஏழு பேர் சேர்ந்து செய்தபோது அது வேலையானது. உங்களுக்குத் தெரிந்தது என்ன? ஆடு வளர்ப்பதா? கூடை முடைவதா? ஊறுகாய் போடுவதா? எழுதிப் பாருங்கள்.

முன்பணம்: எச்சரிக்கை!

சிலர் வேலையோடு வருவார்கள். "இந்தா, முன்பணம். குடும்பத்தோடு வந்து வேலை செய். கடன் தீரும்வரை வேறு எங்கும் போகக் கூடாது" என்பார்கள். மகளின் கல்யாணம் நெருங்கும்போது அந்தப் பணம் பெரிதாகத் தெரியும். ஆனால் அது வேலை அல்ல. அது கொத்தடிமைத்தனம். 1976-ஆம் ஆண்டுச் சட்டம் இதை ஒழித்தது. அப்படிப்பட்ட கடனைத் திருப்பிக் கொடுக்க வேண்டியதில்லை. யாராவது சிக்கிக்கொண்டால் மாவட்ட ஆட்சியரிடம் மனுக் கொடுக்கலாம்.

எந்தத் தாளில் கைநாட்டு வைக்கச் சொன்னாலும் முதலில் படியுங்கள். புரியாவிட்டால் தெரிந்தவரிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லுங்கள். அதுவரை கையெழுத்துப் போடாதீர்கள்.

ஒரே மாதிரி வேலைக்கு ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே கூலி கொடுக்க வேண்டும். இதுவும் 1976 முதல் சட்டத்தில் உள்ளது. கேட்பது நம் உரிமை. தனியாகக் கேட்கத் தயக்கமா? நாலு பேர் சேர்ந்து கேளுங்கள்.

எங்கே கற்கலாம்?

நாட்டின் பல மாவட்டங்களில் 'மக்கள் கல்வி நிறுவனம்' இருக்கிறது. 1967-ல் பம்பாய்த் தொழிலாளர்களுக்காக 'ஷ்ரமிக் வித்யாபீட்' என்ற பெயரில் முதலாவது நிறுவனம் தொடங்கியது. எழுதப் படிக்கத் தெரியாதவர்களும், புதிதாகப் படிக்கக் கற்றவர்களும் அங்கே கைத்தொழில் கற்கலாம். உங்கள் மாவட்டத்தில் உண்டா என்று ஆட்சியர் அலுவலகத்தில் விசாரியுங்கள்.

நான் பத்தாம் வகுப்பு வரை படித்தவள். எனக்கும் வேலை பற்றிய கவலை உண்டு. "படித்தால் வேலை கிடைக்குமா?" என்று நீங்கள் கேட்டால், கட்டாயம் கிடைக்கும் என்று என்னால் சொல்ல முடியாது. ஆனால் படித்தவரை ஏமாற்றுவது கடினம். படித்தவருக்கு நாலு வழி தெரியும். அந்த நாலில் ஒன்றை அவரே தேர்ந்தெடுக்கலாம்.

கலந்து பேசுவோம்

1. உங்கள் ஊரில் பெண்கள் செய்யக் கூடாது என்று சொல்லும் வேலைகள் எவை? ஏன் அப்படிச் சொல்கிறார்கள்?
2. உங்கள் ஊருக்கு இப்போது அவசியமாகத் தேவைப்படும் வேலை எது? அதைச் செய்ய ஆள் உண்டா?
3. கூலி அதிகம், மரியாதை இல்லை. கூலி குறைவு, மரியாதை உண்டு. நீங்கள் எதற்குப் போவீர்கள்? உங்கள் வீட்டில் என்ன சொல்வார்கள்?

செய்து பார்ப்போம்

நோட்டில் இரண்டு கட்டம் போடுங்கள். முதல் கட்டத்தில் போன மாதம் வாங்கிய கூலியை எழுதுங்கள். இரண்டாவது கட்டத்தில் வேலைக்குப் போய்வர ஆன செலவை எழுதுங்கள். கழியுங்கள். விடையை அடுத்த வகுப்புக்குக் கொண்டு வாருங்கள்.