வீட்டு லேப்டாப்புக்கு எந்த எமுலேட்டர்?

கோட்டாறு சவேரியார் திருவிழாவுக்கு டிசம்பர் 3 எங்கள் குமரி மாவட்டத்தில் உள்ளூர் விடுமுறை. அன்று தக்கலையில் அக்கா வீட்டுக்குப் போயிருந்தேன். அக்கா மகன் மேசைமேல் இரண்டு பொருட்களை வைத்துக்கொண்டு வாடிய முகத்தோடு உட்கார்ந்திருந்தான். ஒன்று, அவன் பெரியப்பா வளைகுடாவிலிருந்து கொண்டுவந்த பிளேஸ்டேஷன் 2. சிடியைப் படிக்கும் லென்ஸ் போய் வருஷக்கணக்காகிறது. மற்றது, அவன் அக்கா பிளஸ் டூ படித்தபோது அரசு கொடுத்த விலையில்லா மடிக்கணினி.

"மாமா, இந்தச் சிடி எல்லாத்தையும் லேப்டாப்புல ஓட்டலாம்னு சொல்லுதாவ. ஆனா ஆமை மாதிரில்லா போவுது" என்றான்.

அவன் இறக்கியிருந்தது பிளேஸ்டேஷன் 2 எமுலேட்டரான பிசிஎஸ்எக்ஸ்2. நல்ல மென்பொருள்தான், அவனும் எல்லாவற்றையும் சரியாகத்தான் செய்திருந்தான். அந்த லேப்டாப்புக்கு அது தாங்காது என்பது மட்டும்தான் விஷயம். ஆசைப்பட்ட விளையாட்டை முதலில் எடுத்துக்கொண்டு, அதற்கு எமுலேட்டரைத் தேடி, கடைசியில் கணினியைப் பார்ப்பதுதான் பெரும்பாலோர் போகும் வழி. அந்த வரிசையைத் திருப்பிப் போட வேண்டும் என்பதே நான் சொல்ல வருவது. வீட்டில் இருக்கும் கணினி எதைச் சுமக்கும் என்று முதலில் பாருங்கள். விலையில்லா மடிக்கணினித் திட்டம் தொடங்கியது 2011 செப்டம்பர் 15 அன்று. இங்கே எத்தனையோ வீடுகளில் முதல் கணினியாக நுழைந்தது அதுதான். அதை வைத்தே என்னென்ன ஆடலாம் என்று பார்ப்போம்.

எமுலேட்டர் என்ன செய்கிறது என்பது புரிந்தால் தேர்வு எளிது. மார்த்தாண்டம் சந்தையில் மலையாளம் மட்டும் தெரிந்தவரும் தமிழ் மட்டும் தெரிந்தவரும் விலை பேசும்போது, இரண்டும் தெரிந்த ஒருவர் நடுவில் நின்று மாற்றிச் சொல்வார். எமுலேட்டர் அந்த நடு ஆள். விளையாட்டுப் பெட்டியின் சில்லுக்காக எழுதிய கட்டளைகளை, ஓடும்போதே ஒவ்வொன்றாக உங்கள் கணினியின் மொழிக்கு மாற்றுகிறது. பேசுகிறவர் நிதானமாகப் பேசினால் நடு ஆளுக்குச் சிரமமில்லை. ஒரே நேரத்தில் நான்கு பேர் வேகமாகப் பேசினால் அவர் திணறிப்போவார். பிளேஸ்டேஷன் 2 அந்த நான்கு பேர் கூட்டம். அதன் முதன்மைச் சில்லின் வேகம் சுமார் 295 மெகாஹெர்ட்ஸ்தான், நினைவகமும் 32 எம்பிதான். ஆனால் அதோடு இரண்டு கணக்குச் சில்லுகள், ஒரு படச் சில்லு, உள்ளீட்டைக் கவனிக்க இன்னொரு சில்லு எல்லாம் ஒரே தாளத்தில் ஓடுகின்றன. அந்தத் தாளம் தப்பாமல் அத்தனையையும் மொழிமாற்ற வேண்டியிருப்பதால்தான் 25 வருஷத்துக்கு முந்தைய பெட்டிக்கு இன்றைய கணினி தேவைப்படுகிறது.

மிகச் சாதாரணக் கணினியிலிருந்து தொடங்குகிறேன். 2 ஜிபி ராம் உள்ள பழைய லேப்டாப்தான் இருக்கிறதா? தொண்ணூறுகளில் நாம் 'டிவி கேம்' என்று சொன்ன பெட்டியின் விளையாட்டுகள் அனைத்தும் அதில் ஓடும். மஞ்சள் கேசட்டைச் செருகி, படம் வராவிட்டால் வெளியே எடுத்து ஊதி, மறுபடி செருகி ஆடிய பெட்டிகள் அவை. பெட்டியின் மேல் என்ன பெயர் இருந்தாலும் பெரும்பாலானவை, நின்டெண்டோ 1983இல் ஜப்பானில் வெளியிட்ட ஃபேமிகாமின் நகல்கள். அதன் சில்லு ஓடிய வேகம் 2 மெகாஹெர்ட்ஸுக்கும் குறைவு. இதற்கு மெசன், எஃப்சிஇயுஎக்ஸ் என்ற இரண்டு எமுலேட்டர்களைச் சொல்வேன். மெசன் அசல் பெட்டியை மிக நுணுக்கமாகப் பின்பற்றும். எஃப்சிஇயுஎக்ஸ் பழைய கணினியிலும் இலகுவாக ஓடும். வீட்டுப் பழைய லேப்டாப் என்றால் எஃப்சிஇயுஎக்ஸ் போதும். ஒரே ஒரு ஏமாற்றம், வாத்து சுடும் துப்பாக்கி. பழைய கண்ணாடிக் குழாய் டிவியில் படம் வரி வரியாக வரையப்படும் நேரத்தைக் கொண்டே அந்தத் துப்பாக்கி குறியைக் கண்டுபிடித்தது. இன்றைய தட்டை டிவியில் அது வேலை செய்யாது. எமுலேட்டரில் மவுஸால்தான் சுட வேண்டும்.

அந்தப் பெட்டியில் ஆடிய கான்ட்ரா மட்டும்தான் வேண்டும் என்பவர்கள் எமுலேட்டர் பக்கமே போக வேண்டாம். கொனாமி நிறுவனமே 2019இல் கான்ட்ரா விளையாட்டுகளைத் தொகுத்துக் கணினிக்கு வெளியிட்டது, ஸ்டீம் கடையில் வாங்கலாம். பிளேஸ்டேஷன் 2 ரசிகர்களுக்கும் இதைச் சொல்கிறேன். ஜிடிஏ சான் ஆண்ட்ரியாஸ், நீட் ஃபார் ஸ்பீடு மோஸ்ட் வான்டட், கிரிக்கெட் 07 மூன்றும் கணினிக்கும் வெளிவந்தவை. நம் கடற்கரை ஊர்ப் பையன்கள் உயிரை விடும் ப்ரோ எவல்யூஷன் சாக்கரும் கணினியில் வந்தது. கணினிப் பதிப்பு இருக்கும்போது நடு ஆள் எதற்கு? மெதுவான லேப்டாப்பிலும் கணினிப் பதிப்பே நன்றாக ஓடும்.

அதே பழைய லேப்டாப்பில் கேம்பாய் அட்வான்ஸ் விளையாட்டுகளும் ஓடும். எமுலேட்டரின் பெயர் எம்ஜிபிஏ. 2001இல் வந்த அந்தக் கைப்பெட்டியின் திரை 240க்கு 160 புள்ளிகள்தான், கணினிக்குச் சுமையே இல்லை. நிறுவவும் எளிது.

அடுத்த படி சோனியின் கைப்பெட்டியான பிஎஸ்பி. என் தேர்வைக் கேட்டால், 4 ஜிபி ராம் உள்ள விலையில்லா மடிக்கணினிக்கு இதைத்தான் சொல்வேன். 2012இல் ஹென்ரிக் ரிட்கோர்ட் வெளியிட்ட பிபிஎஸ்எஸ்பிபி, நான் பார்த்த எமுலேட்டர்களில் வீட்டுக்கு மிகப் பொருத்தமானது. பெட்டியைத் தொடக்கிவைக்கும் அடிப்படை மென்பொருளான பயாஸ் கோப்பைக் கேட்காது. சாதாரண இன்டெல் படச் சில்லிலும் ஓடும். அதே சேமிப்பைக் கைபேசிக்குக் கொண்டுபோய் விட்ட இடத்திலிருந்து ஆடலாம். டெக்கன் 6, காட் ஆஃப் வார் வரிசையில் பிஎஸ்பிக்கென வந்த செயின்ஸ் ஆஃப் ஒலிம்பஸ் போன்றவை, பிளேஸ்டேஷன் 2 ஏக்கத்தில் பாதியைத் தீர்த்துவிடும். படம் தடுமாறினால் அமைப்பில் படத் தெளிவை ஒரு மடங்குக்கு இறக்குங்கள். பிஎஸ்பியின் அசல் திரை 480க்கு 272தான், அந்த அளவில் பார்ப்பது குறைவான அனுபவம் ஆகாது.

முதல் பிளேஸ்டேஷனுக்கு டக்ஸ்டேஷன். இதுவும் நடுத்தரக் கணினியில் நன்றாக ஓடும், ஆனால் சோனியின் பயாஸ் கோப்பு வேண்டும். சிடியைப் படி எடுக்கும்போது ஐஎஸ்ஓ ஆக எடுக்காமல் பின்-க்யூ கோப்புகளாக எடுங்கள். பல விளையாட்டுகளின் இசை அந்த சிடியில் தனித் தடங்களாக இருக்கிறது, ஐஎஸ்ஓவில் அது விடுபட்டுப் போகும்.

இனி பையன் கேட்ட பிளேஸ்டேஷன் 2. பிசிஎஸ்எக்ஸ்2வைத் தவிர நம்பிச் சொல்ல வேறு பெயர் என்னிடம் இல்லை. அது கேட்பது 64 பிட் விண்டோஸ் 10 அல்லது அதற்குப் பிந்தையது, 8 ஜிபி ராம், ஓரளவு நல்ல படச் சில்லு. விற்பவர்கள் 'எட்டு கோர்' என்று அழுத்திச் சொல்வார்கள், அதில் மயங்க வேண்டாம். இந்த வேலையைப் பல கோர்களுக்குப் பங்கு போட முடிவது கொஞ்சம்தான், ஒரு கோர் தனியாக எவ்வளவு வேகம் என்பதே முடிவு செய்யும். அண்மை ஆண்டுகளில் வந்த ஐ3 ஒன்று, பத்து வருஷப் பழைய ஐ7 லேப்டாப்பை இதில் முந்திவிடும். 4 ஜிபி விலையில்லா மடிக்கணினியில் இதை முயல வேண்டாம் என்பதே என் தீர்ப்பு.

இன்னொரு குழப்பம் பலருக்கு வருகிறது. திரையின் ஓரத்தில் 50 என்று எண் காட்டினால் 'அறுபது வரவில்லையே' என்று அமைப்புகளைக் கலைத்துப் போடுகிறார்கள். நம் நாட்டு டிவி பால் முறை. இங்கே முறையாக விற்ற சிடிகளும் அதற்கேற்றவை. அவற்றில் பெரும்பாலானவை நொடிக்கு 50 முறைதான் படத்தைப் புதுப்பிக்கும். வேகம் 100 விழுக்காடு என்று காட்டினால் விளையாட்டு சரியாக ஓடுகிறது, எதையும் தொட வேண்டாம்.

கேம்கியூப், வீ பெட்டிகளுக்கு டால்பின் இருக்கிறது. நல்ல எமுலேட்டர்தான், ஆனால் அந்தப் பெட்டிகளை இங்கே நான் பார்த்ததே அபூர்வம். எல்லாவற்றையும் ஒரே கூரைக்குள் கொண்டுவரும் ரெட்ரோஆர்ச் பற்றி அடிக்கடி கேட்கிறார்கள். டிவியோடு இணைத்து நான்கு பெட்டிகளின் விளையாட்டுகளை ஒரே பட்டியலில் வைத்துக்கொள்ள அதைவிட நல்ல வழி இல்லை. ஆனால் அதன் அமைப்புப் பட்டியல்கள் ஒன்றுக்குள் ஒன்றாகப் போய்க்கொண்டே இருக்கும். தனி எமுலேட்டர் ஒன்றில் ஆறு மாதம் பழகியபின் அதற்குப் போங்கள்.

கோப்புகள் எங்கிருந்து வருகின்றன என்பதில்தான் வீடுகளில் நேர்மையும் பாதுகாப்பும் சேர்ந்து நழுவுகின்றன. எமுலேட்டர் வைத்திருப்பது குற்றமல்ல. விளையாட்டும் பயாஸும் நிறுவனங்களின் உடைமை. நம் நாட்டின் 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டம், 52ஆவது பிரிவில், கணினி நிரலின் படியை முறையாக வைத்திருப்பவர் அது தொலைந்தோ பழுதாகியோ போகாமலிருக்கத் தற்காலிகப் பாதுகாப்பாகப் படி எடுத்துக்கொள்வதை மீறலாகக் கருதுவதில்லை. உரிமையை மீறும் நோக்கத்தோடு நகல் தடுப்புப் பூட்டை உடைப்பதை 2012 திருத்தம் குற்றமாக்கியது. நீங்கள் காசு கொடுத்து வாங்கிய சிடியிலிருந்து நீங்களே எடுத்த படி நேரான வழி. அந்தக் காலத்தில் பிளாஸ்டிக் உறையில் வாங்கிய நகல் சிடிக்கு இந்தப் பாதுகாப்பு இல்லை. அமெரிக்காவில் நின்டெண்டோவின் ஸ்விட்ச் பெட்டிக்கு யூசு என்ற எமுலேட்டரை உருவாக்கியவர்கள் 2024 மார்ச்சில் நின்டெண்டோவுக்கு 24 லட்சம் டாலர் கொடுக்க ஒப்புக்கொண்டு கடையை மூடினார்கள். இன்னும் கடையில் விற்கும் பெட்டியின் விளையாட்டுகள் பக்கம் போகாதீர்கள்.

'ஆயிரம் விளையாட்டு இலவசம்' என்னும் தளங்களில் இறங்கும் கோப்பு, வைரஸ் தடுப்பை நிறுத்தச் சொன்னால் அப்போதே அழித்துவிடுங்கள். எமுலேட்டரையும் அதை உருவாக்கியவர்களின் சொந்தத் தளத்திலிருந்து மட்டும் எடுங்கள். சிடி எதுவும் இல்லாத வீட்டுக்கும் வழி இருக்கிறது. ஆர்வலர்கள் இன்றும் பழைய பெட்டிகளுக்குப் புதிய விளையாட்டுகளை எழுதி வெளியிடுகிறார்கள். கேம்பாய்க்கு 2017இல் வந்த டோபு டோபு கேர்ள் முற்றிலும் இலவசம், எம்ஜிபிஏவில் ஓடும். பிபிஎஸ்எஸ்பிபிக்குள்ளேயே ஆர்வலர் விளையாட்டுகளை இறக்க ஒரு பகுதி உண்டு.

சிடி இருக்கும் வீட்டில் படி எடுப்பது இப்படி. பிளேஸ்டேஷன் 2 சிடியைச் சாதாரண டிவிடி இயக்கியே படித்துவிடும். இமேஜ்பர்ன் போன்ற மென்பொருளால் ஐஎஸ்ஓ எடுக்கலாம். லேப்டாப்பில் இயக்கி இல்லையென்றால் யுஎஸ்பி வழியாகச் செருகுவது ஒன்று வாங்குங்கள். பயாஸை உங்கள் பெட்டியிலிருந்தே எடுக்க வேண்டும். அதற்கெனத் தயாரித்த மெமரி கார்டும் ஒரு பென் டிரைவும் போதும், லென்ஸ் போன பெட்டியிலும் முடியும் என்பது நல்ல செய்தி. பிஎஸ்பியின் சின்ன வட்டுகளைக் கணினியில் படிக்க முடியாது, பிஎஸ்பி கையில் இருந்தால்தான் படி எடுக்கலாம்.

விளையாடும் கைக்கும் ஒரு வார்த்தை. லேப்டாப் விசைப்பலகையில் மூன்று விசைகளைச் சேர்த்து அழுத்தினால் ஒன்று பதியாமல் போகும், குதித்துக்கொண்டே சாய்வாகச் சுட முடியாது. கம்பியோடு வரும் யுஎஸ்பி ஜாய்ஸ்டிக் ஒன்று வாங்குங்கள். எக்ஸ்பாக்ஸ் வகை என்றால் செருகியதும் விண்டோஸ் அறிந்துகொள்ளும்.

எங்கள் ஊரில் ஆனி ஆடிச் சாரலுக்கும் ஐப்பசி மழைக்கும் ரப்பர் மரக்கிளை விழுந்து கரண்ட் போவது வழக்கம். பழைய லேப்டாப் பேட்டரியில் சார்ஜ் நிற்காது. ஆகவே சேமிப்பதில் கவனம் வேண்டும். எமுலேட்டர் எடுக்கும் உடனடிச் சேமிப்பு வசதியானது, ஆனால் எமுலேட்டரைப் புதுப்பித்தபின் அது திறக்காமல் போகலாம். விளையாட்டுக்குள்ளேயே மெமரி கார்டில் சேமித்தது புதுப்பித்தபின்னும் திறக்கும். இரண்டையும் செய்யுங்கள், மெமரி கார்டுக் கோப்பை மாதம் ஒருமுறை பென் டிரைவில் போட்டு வையுங்கள்.

அக்கா மகனுக்கு அன்று பிபிஎஸ்எஸ்பிபியும் எஃப்சிஇயுஎக்ஸும் நிறுவிக் கொடுத்தேன். ஆர்வலர் விளையாட்டு ஒன்று அந்த லேப்டாப்பில் தடங்கலின்றி ஓடியது. பிளேஸ்டேஷன் 2 சிடிகளைப் படி எடுத்துத் தனி வட்டில் வைத்தோம். நல்ல கணினி வீட்டுக்கு வரும் நாளில் அவை காத்திருக்கும். அவற்றுள் ஹைதராபாத்தில் உருவாகி 2009இல் வந்த அனுமான் பாய் வாரியரும் இருந்தது. முழுவதும் இந்தியாவிலேயே உருவான முதல் பிளேஸ்டேஷன் 2 விளையாட்டு அது.

உப்புக் காற்றிலும் ஈரத்திலும் சிடியில் பூஞ்சை பிடிக்கிறது. மென்மையான துணியால், வட்டமாகத் தேய்க்காமல், நடுவிலிருந்து விளிம்பு நோக்கித் துடையுங்கள். அலமாரியில் கிடக்கும் உங்கள் சிடிகளை அடுத்த மழைக்கு முன் படி எடுத்துவிடுங்கள்.