ஆல்பர்ட்டாவின் மரங்களும் புதர்களும்: இடமறிந்து நடுதல்

கனடாவின் ஆல்பர்ட்டா மாகாணத்தில் இயல்பாக வளரும் மரம் எதுவும் குளிருக்கு அஞ்சுவதில்லை. எது எங்கே நிலைக்கும் என்பதைப் பெரும்பாலும் ஈரமே தீர்மானிக்கிறது. தெற்குப் பார்த்த சரிவில் வெயில் நேராக விழுந்து மண் காய்வதால் அங்கே புல் மிகுந்திருக்கும். வடக்குப் பார்த்த சரிவில் பனி மெதுவாக உருகுவதால் மரங்கள் அடரும். கன்று வாங்குமுன் அக்கம்பக்கத்துச் சரிவுகளில் எது தானாக வளர்ந்திருக்கிறது என்று பார்த்துவிட்டால் பாதி வேலை முடிந்தது.

புல்வெளியும் காடும் சந்திக்கும் பகுதியில் ஆஸ்பென் தோப்புகளே அதிகம். ஒரு தோப்பு முழுவதும் ஒரே வேரிலிருந்து கிளம்பிய பக்கக்கன்றுகளாகவும் இருக்கலாம். தாய்மரத்தை வெட்டினால் கன்றுகள் இன்னும் மிகுதியாக முளைக்கும். ஆகவே வீட்டுச் சுவருக்கும் புல்தரைக்கும் அருகில் இதை நடக்கூடாது. தெற்கு ஆற்றுப்படுகைகளில் காட்டன்வுட் ஓங்கி நிற்கிறது. வசந்த வெள்ளம் விட்டுச்செல்லும் ஈர வண்டலில்தான் இதன் விதை முளைக்கும். அணைகள் வெள்ளத்தை அடக்கிய இடங்களில் இளங்கன்றுகள் அருகிவிடுகின்றன.

ஊசியிலை மரங்களை விரலாலேயே இனம் காணலாம். ஸ்ப்ரூஸ் ஊசி நான்கு பட்டையானது, விரலிடையே உருளும். ஃபிர் ஊசி தட்டையானது, உருளாது. பைன் ஊசிகள் கொத்தாக வளரும். மாகாண மரமான லாட்ஜ்போல் பைனுக்குக் கொத்துக்கு இரண்டு. மலையுச்சிகளின் லிம்பர் பைனுக்கும் வெண்பட்டைப் பைனுக்கும் ஐந்து. இவ்விரண்டும் அழிவின் விளிம்பில் இருப்பவை. அவற்றைத் தொடாமல் விடுவதே நலம். லாட்ஜ்போல் பைனின் கூம்புக்காய்கள் பல, பிசினால் மூடிக்கிடந்து காட்டுத்தீ போன்ற கடும் வெப்பத்தில்தான் திறக்கும். விதை வேண்டுவோர் அவற்றைக் கொதிநீரில் சில நொடிகள் முக்கி எடுத்து, கதகதப்பான இடத்தில் உலர்த்துவார்கள்.

குளிர்காலத்தில் மலையிலிருந்து இறங்கும் ‘சினூக்’ என்னும் வெப்பக்காற்று ஊசிகளின் ஈரத்தை உறிஞ்சும். மண் உறைந்திருப்பதால் வேரால் அதை ஈடுசெய்ய முடியாது, ஊசிகள் பழுப்பாகும். மண் உறையுமுன் இலையுதிர்காலத்திலேயே நன்றாக நீர் பாய்ச்சுவதே தற்காப்பு. பழுப்பான கிளையையும் உடனே வெட்டவேண்டியதில்லை. மொட்டு உயிரோடிருந்தால் கோடைக்குள் துளிர்த்துவிடும்.

புதர்களில் சாஸ்கடூன் கனிக்குப் பேர்பெற்றது. பூர்வகுடிகள் இக்கனியை உலர்ந்த காட்டெருமை இறைச்சியோடும் கொழுப்போடும் கலந்து, நெடுநாள் கெடாத பெமிக்கன் செய்தனர். ஜூனிப்பரும் சாஸ்கடூனும் ஒரே துருநோய்ப் பூஞ்சையை மாறிமாறித் தாங்குபவை. இரண்டையும் தள்ளி நடவேண்டும். சாஸ்கடூன் விதைக்குக் குளிர் தேவை என்பதால் இலையுதிர்காலத்தில் விதைக்கலாம். சோக்செர்ரியின் சதையை உண்ணலாம். கொட்டையிலும் இலையிலும் சயனைடு உண்டாக்கும் பொருள் இருப்பதால் கொட்டையை நசுக்கக்கூடாது, மாடுகளையும் மேயவிடக்கூடாது. பஃபலோபெர்ரியில் ஆண் செடி வேறு, பெண் செடி வேறு. கனி வேண்டுமானால் இரண்டும் தேவை. கரடிகள் இக்கனியைத் தேடி வருவதால் மலைப்பகுதி வீட்டருகே இதைத் தவிர்க்கலாம்.

வறண்ட சரிவில் மண்ணைப் பிடித்துவைக்க வெள்ளியிலைச் செடியான வுல்ஃப் வில்லோ உதவும். இதன் வேர்முடிச்சுகள் காற்றின் நைட்ரஜனை மண்ணில் சேர்க்கும். ஈரமான கரைக்குச் செந்தண்டு டாக்வுட்டும் வில்லோவும் ஏற்றவை. மொட்டு விரியுமுன் வெட்டிய போத்துகளை ஈரமண்ணில் ஆழ ஊன்றினாலே வேர்பிடிக்கும்.