உறைந்து போகும் கச்சா எண்ணெய்

மார்கழிக் குளிரில் தேங்காய் எண்ணெய் பாட்டிலிலேயே உறைஞ்சு போகும் இல்லையா? பூமியிலிருந்து எடுக்கிற கச்சா எண்ணெயும் அப்படி உறையுமாம். நான் முதலில் நம்பவில்லை.

ஸ்காட்லாந்தில் எடின்பரோ நகரத்துக் கம்பெனி கெய்ர்ன் எனர்ஜி. ஆரம்பித்தவர் பில் கேமல். இவர் ஸ்காட்லாந்துக்காக ரக்பி ஆடியவர்! கம்பெனிக்குப் பெட்ரோல் பங்க், சுத்திகரிப்பு ஆலை எதுவும் கிடையாது. எண்ணெயைத் தேடுவது, எடுத்து விற்பது, அவ்வளவுதான். இந்த மாதிரி கம்பெனியைத்தான் சுயேச்சை நிறுவனம் என்கிறார்கள்.

ராஜஸ்தானில் பார்மர் பாலைவனத்தில் ஷெல் என்ற பெரிய கம்பெனியுடன் சேர்ந்து தேடினார்கள். ஷெல் பாதியில் விலகிவிட்டது. கெய்ர்ன் அந்தப் பங்கையும் வாங்கி, விடாமல் துளை போட்டது. 2004 ஜனவரியில் மங்களா எண்ணெய் வயல் கிடைத்தது. ஷெல்காரங்க எப்படி வருத்தப்பட்டிருப்பாங்க!

ஆனால் அந்த எண்ணெயில் மெழுகு அதிகம். சும்மா குழாயில் விட்டால் வழியிலேயே கட்டியாகி அடைத்துக்கொள்ளும். அதனால் குஜராத் வரைக்கும் பல நூறு கிலோமீட்டர் குழாயை வழிநெடுகச் சூடாக்கும்படி அமைத்தார்கள். 2009 ஆகஸ்டில் பிரதமர் மன்மோகன் சிங் உற்பத்தியைத் தொடங்கி வைத்தார். 2011-ல் இந்தியக் கிளையின் பெரும்பங்கை வேதாந்தா வாங்கியது.

அப்புறம் வரி வழக்கு. 2006-ல் நடந்த பங்கு மாற்றத்துக்கு, 2012-ல் போட்ட சட்டத்தை வைத்து நம் அரசு 10,247 கோடி ரூபாய் வரி கேட்டது. ஆட்டம் முடிந்த பிறகு விதியை மாற்றலாமா? 2020 டிசம்பரில் சர்வதேச நடுவர் தீர்ப்பாயம் கெய்ர்ன் பக்கம் தீர்ப்புச் சொன்னது. 2021-ல் அரசு அந்த வரியைக் கைவிட்டது. அதே வருடம் கம்பெனியும் கேப்ரிகார்ன் எனர்ஜி என்று பெயரை மாற்றிக்கொண்டது. பிடித்து வைத்திருந்த பணம் 2022-ல் திரும்பிப் போனது.