பிறர் ஓட்டி முடித்த பாதை

கேரளத்துப் பெருமாட்டி என்னும் ஊரின் தென்னந்தோப்புகளுக்கு நடுவே வளர்ந்த எனக்குப் பந்தயம் என்றவுடன் நினைவுக்கு வருவது, தமிழக எல்லைக்கு அப்பால் பொள்ளாச்சிச் சீமையில் 200 மீட்டர், 300 மீட்டர் என்று அளந்துவைத்த தடத்தில் காங்கேயம் காளைகள் வண்டியை இழுத்துப் பாய்ந்தோடும் ரேக்ளா பந்தயம்தான். அந்த மோகமே பிற்காலத்தில், 2005-இல் வெளிவந்த 'நீட் ஃபார் ஸ்பீட்: மோஸ்ட் வான்டட்' என்னும் கணினி விளையாட்டில் என்னைக் கொண்டுபோய்ச் சேர்த்தது.

ராக்போர்ட் என்ற கற்பனை நகரத்தில், எதிராளிகளின் பட்டியலில் பதினைந்தாம் இடத்துச் சன்னியில் தொடங்கி முதலிடத்து ரேஸர் வரையில் ஒவ்வொருவராக வென்று, அந்த ரேஸர் நம்மிடமிருந்து வஞ்சனையால் பறித்துக்கொண்ட பி.எம்.டபிள்யூ. காரை மீட்பதே அதன் கதை. பல மாத காலம் பிரயாசைப்பட்டுப் பட்டியலில் பாதியைக் கடந்திருந்த வேளையில், ஒரு மழைநாளில் மின்சாரம் போய்ப் போய் வந்ததில் வன்தட்டு பழுதாகி, சேமித்தவை அனைத்தும் அழிந்துபோயின. மறுபடியும் சன்னியிடம் போக மனம் ஒப்பாமல், யாரோ ஒருவர் ஆட்டத்தை முழுவதும் முடித்து வைத்திருந்த சேவ் ஃபைலைப் பதிவிறக்கினேன்.

கராஜ் நிறைய கார்கள். கணக்கில் பணத்துக்குக் குறைவில்லை. ஆயினும் போலீஸ் துரத்தத் தொடங்கியதும், சாலையில் விரித்த முள்பட்டையில் நான்கு டயரும் கிழிந்து சற்று நேரத்திலேயே பிடிபட்டேன். பக்கத்தில் அமர்ந்திருந்த தங்கை மகன், "இத்தனை காரு இருந்தும் ஓட்டத் தெரியலையே, மாமா!" என்றான். துரத்துகிறவர்கள்மேல் சரித்துத் தப்ப உதவும் கடையொன்றின் பிரம்மாண்டமான டோனட் பொம்மை எந்தத் திருப்பத்தில் இருக்கிறது என்பதுகூட எனக்கு மறந்திருந்தது. ஜெயித்த காளைகளை விலைக்கு வாங்கிய செல்வந்தர், கயிறு பிடிக்கப் பழகாமலே வண்டியில் ஏறிய கதைதான்.

அந்த அனுபவத்திலிருந்து கற்றவற்றைச் சொல்கிறேன். முதலாவது, மை டாக்குமென்ட்ஸில் விளையாட்டின் பெயரிலேயே உள்ள ஃபோல்டரைப் பிறருடைய ஃபைலை வைப்பதற்கு முன்பே பென்டிரைவில் நகலெடுத்துக்கொள்ள வேண்டும். நான் அதை வாரந்தோறும் செய்திருந்தால் இந்தக் கட்டுரைக்கே அவசியம் நேர்ந்திராது. இரண்டாவது, சேவ் ஃபைல் என்ற பெயரில் 'எக்ஸ்இ' என்று முடியும் எதுவும் வந்தால், அதைத் திறவாமலே அழித்துவிடுவது விவேகம். மூன்றாவது, ஆட்டம் தானாகவே சேமித்துக்கொள்ளும் சுபாவமுடையதாதலால், இறக்கிய ஃபைலுக்கும் தொடாத பிரதி ஒன்று வேண்டும்; பிடிபட்டுப் பிடிபட்டுக் காரே பறிமுதலானாலும் அந்தப் பிரதி கைகொடுக்கும். நான்காவது, முடிந்த ஆட்டத்தை ஒத்திகைக்களமாகப் பாவிப்பதே அதன் உத்தமமான பிரயோஜனம். எந்தக் கார் எந்த வளைவில் நழுவும், ஒளியுமிடங்கள் எவை என்பனவற்றை நஷ்டபயமின்றி அங்கே பழகலாம்.

நானும் அவ்வாறே சில மாலைகள் பழகிவிட்டு, புதிய பெயரில் மீண்டும் சன்னியிடமே போனேன். முன்பு மூன்று முறை தோற்ற இடத்தில், இம்முறை முதல் ஓட்டத்திலேயே வென்றேன். அன்றிரவே ஃபோல்டரை நகலெடுத்தும் வைத்தேன்.