பாக்கெட்டின் பின்பக்கம்

தம்பி கல்யாணத்துக்கு மூன்று நாள் இருக்கும்போது அம்மா தலைக்கு டை போட்டார். 'மூலிகை ஹேர் டை' என்று முன்பக்கம் கொட்டை எழுத்தில் இருந்தது. நெல்லிக்காயும் கரிசலாங்கண்ணியும் படத்தில் இருந்தன. வாங்கிக் கொடுத்தவள் நான்தான். மறுநாள் இரவு அம்மாவின் இமைகள் திறக்க முடியாமல் வீங்கிவிட்டன. நெற்றியோரமும் காதுக்குப் பின்புறமும் கொப்புளம் உடைந்து நீர் வடிந்தது.

தோல் டாக்டரின் முதல் கேள்வி, "பாக்கெட்டைக் கொண்டுவந்தீங்களா?" குப்பைக்கூடையில் தேடி எடுத்துப் போயிருந்தேன். பொடி எழுத்துகளுக்கு நடுவே ஒரு பெயரைப் பேனாவால் வட்டமிட்டார்: பாரா-ஃபெனிலீன்டைஅமின், சுருக்கமாக பிபிடி. "மூலிகையும் இருக்கு, இதுவும் இருக்கு. முடியைக் கறுப்பாக்குறது இதுதாம்மா" என்றார். "இத்தனை வருஷமா போடுறேனே, ஒண்ணும் ஆகலையே" என்றார் அம்மா. ஒவ்வாமை அப்படித்தான் வருமாம். பல தடவை சும்மா இருந்த உடம்பு ஒருநாள் எதிர்க்கத் தொடங்கும். தொடங்கினால் பெரும்பாலும் ஆயுளுக்கும் விடாது. காதுக்குப் பின்னால் ஒரு துளி தடவி 48 மணி நேரம் பார்த்துவிட்டுப் போடச் சொல்லி அதே பாக்கெட்டில் அச்சிட்டிருந்தார்கள். நாங்கள் யாரும் படிக்கவில்லை.

அதன்பிறகு எனக்குப் பயம் பிடித்துக்கொண்டது. வாயில் நுழையாத பெயர், ஐஎன்எஸ் என்று ஓர் எண், எதைக் கண்டாலும் தூக்கிப் போட்டேன். ஜாம், பிஸ்கட், முகத்துக்குப் போடும் கிரீம் எல்லாம் போயிற்று. கல்லூரியில் வேதியியல் நடத்தும் என் நாத்தனார்தான் நிறுத்தினாள். "அண்ணி, ஐஎன்எஸ் 500ன்னா நீங்க ஆப்ப மாவுல போடுற சோடா. 330 எலுமிச்சம்பழத்துல இருக்கிற சிட்ரிக் அமிலம். 300 வைட்டமின் சி. 100 மஞ்சள்ல இருந்து எடுக்கிற நிறம்." கிரீம் டப்பாவில் நான் பயந்த 'டோகோஃபெரால்' வைட்டமின் ஈ. 'கோகோஸ் நியூசிஃபெரா ஆயில்' நம் தேங்காய் எண்ணெய்! பெயரின் நீளத்துக்கும் ஆபத்துக்கும் சம்பந்தமில்லை என்று அன்றுதான் உறைத்தது.

அவள் சொல்லிக்கொடுத்ததில் எனக்கு அதிகம் பயன்பட்டது பொருள்களின் வரிசை. எது எடையில் அதிகமோ அதுதான் பட்டியலில் முதலில் வரவேண்டும். முன்பக்கம் கேழ்வரகுக் கதிர் படம் போட்ட ஒரு பிஸ்கட்டைத் திருப்பிப் பார்த்தேன். மைதா, சர்க்கரை, பாமாயில், அதற்கப்புறம்தான் கேழ்வரகு, அதுவும் 7 சதவீதம். 100 கிராமில் சர்க்கரை 24 கிராம், ஆறு டீஸ்பூன். சர்க்கரை எப்போதும் அந்தப் பெயரிலேயே வராது என்பதும் தெரிந்துகொள்ள வேண்டியது. இன்வர்ட் சிரப், லிக்விட் குளுக்கோஸ் என்று இரண்டு மூன்று பெயரில் பிரிந்து கீழே கிடக்கும். அவற்றையும் சேர்த்துக் கூட்டிப் பார்க்க வேண்டும்.

என் மகனுக்கு இளைப்பு உண்டு. அதனால் உலர்பழப் பாக்கெட்டில் 220 முதல் 228 வரையுள்ள எண்களைத் தேடுவேன். அவை சல்ஃபைட் வகை, ஆஸ்துமா உள்ள சிலருக்கு மூச்சைப் பிடிக்கும். அதே பழத்தை என் மகள் தின்றால் ஒன்றுமில்லை. யாருக்கு ஆகாது என்பதையும் பார்த்துத்தான் ஒரு பொருளை ஒதுக்க வேண்டும்.

இத்தனை வருடம் படித்ததில் எனக்கு உண்மையான கவலை, படிக்க ஒன்றுமே இல்லாத பொருள்களைப் பற்றித்தான். பஞ்சுமிட்டாய் பையில் எந்த எண்ணும் இருந்ததில்லை. துணிச்சாயமான ரோடமின் பி கலந்திருந்தது பரிசோதனையில் தெரிந்துதான் 2024 பிப்ரவரியில் தமிழ்நாடு அதன் விற்பனைக்குத் தடை போட்டது. சிவப்பழகு கிரீம்கள் இன்னும் மோசம். 2023இல் கேரளத்தின் மலப்புரம் மாவட்டத்தில் சிலருக்குச் சிறுநீரகம் பாதித்து, காரணம் தேடியபோது அவர்கள் பூசிய கிரீம்களில் பாதரசம் அகப்பட்டது. தயாரித்தவர் முகவரி, உரிம எண், சேர்த்த பொருள்கள் இந்த மூன்றும் இல்லாத டப்பாவை, பத்தே நாளில் நிறம் மாறியதாக யார் சொன்னாலும், நான் கையில் எடுப்பதில்லை. எடுத்த பொருளின் பின்பக்கத்தைப் போனில் படம் பிடித்துக்கொள்கிறேன். கோளாறு வந்தால் டாக்டரிடம் காட்ட அது வேண்டும்.

போன மாதம் ஒரு வளைகாப்பு. கோன் மருதாணி வைக்க வந்த பெண், "அரை மணி நேரத்துல நல்லா கறுப்பா பிடிக்கும்மா" என்றாள். அரைத்த மருதாணி செம்மையாகத்தான் பிடிக்கும், அதற்கும் மணிக்கணக்கில் வைத்திருக்க வேண்டும். அரை மணியில் கறுப்பு என்றால் அதில் பிபிடி இருக்க வாய்ப்பு உண்டு. நான் சொல்ல வாயெடுப்பதற்குள் அம்மா கேட்டார், "இதுல என்னம்மா கலந்திருக்கு?"

"தெரியலம்மா, கடையில வாங்கினது."

அம்மா கையை மடக்கிக்கொண்டார். பிறகு பக்கத்தில் உட்கார்ந்திருந்த கர்ப்பிணிப் பெண்ணின் கையையும் பிடித்து இழுத்தார்.