கடைமடை வரை கூட்டிப் போ

அன்புள்ள தம்பிக்கு,

நீ அனுப்பிய பயணத் திட்டம் கிடைத்தது. தஞ்சாவூரில் விடிகாலை கிளம்பி இரவுக்குள் திரும்பும் ஒருநாள் சுற்றுலா. நடுவில் ரயில், முடிவில் கோடியக்கரை. சுற்றுலா வழிகாட்டி உரிமம் கைக்கு வந்ததும் எல்லோரும் பெரிய கோயில் வாசலில்தான் போய் நிற்பார்கள். நீ ஆட்கள் அவ்வளவாகப் போகாத தென்கிழக்கு மூலையைத் தேர்ந்தெடுத்திருக்கிறாய். அதுவே எனக்குப் பெரிய சந்தோஷம். உன்னைப் போல் இன்னும் பல பிள்ளைகள் இந்தத் தொழிலுக்கு வருகிறார்கள். அவர்களும் படிக்கட்டும் என்றுதான் பதிலைப் பொதுவில் எழுதுகிறேன்.

உன் திட்டத்தில் பதினோரு இடங்கள் இருக்கின்றன. ஒவ்வொன்றுக்கும் இத்தனை நிமிடம் என்று குறித்திருக்கிறாய். இடைப்பட்ட நேரத்தை மட்டும் ‘பயணம்’ என்று ஒரே சொல்லில் முடித்துவிட்டாய். நான் உனக்குச் சொல்ல இருப்பது ஒன்றுதான்: அந்த இடைப்பட்ட நேரம்தான் இந்தச் சுற்றுலா. நேரே காரில் போய்க் கோடியக்கரையில் இறங்குகிறவர் கண்ணில் படுவது மணலும் முட்புதரும் கலங்கிய கடலும். ‘இதற்கா இவ்வளவு தூரம்’ என்று கேட்டுவிட்டுத் திரும்பிவிடுவார். காவிரித் தண்ணீர் எப்படிப் பிரிந்து, எப்படி மெலிந்து, எங்கே தீர்ந்துபோகிறது என்று வழியெல்லாம் பார்த்துக்கொண்டு வந்தவருக்கோ அந்த மணல் ஏன் அங்கே கிடக்கிறது என்று புரியும். வந்தவர்களை அந்த இரண்டாவது ஆளாக ஆக்குவதற்குத்தான் உனக்குக் கூலி.

முதல் பாதி சாலை. நீடாமங்கலம், மன்னார்குடி வழியாகத் திருத்துறைப்பூண்டிக்கு வேனில் போ. நீடாமங்கலம் அருகே மூணாறு தலைப்பில் எல்லோரையும் இறக்கு. கல்லணையில் காவிரியிலிருந்து பிரிந்து வந்த வெண்ணாறு, அங்கே வெண்ணாறு, கோரையாறு, பாமணியாறு என்று மூன்றாகப் பிரிகிறது. மதகுகளைக் காட்டு. மற்ற ஊர்களில் ஆறு கடலை நெருங்க நெருங்க அகலும். டெல்டாவில் அது கிளையாகி, வாய்க்காலாகி, கன்னி வாய்க்காலாகி வயலுக்குள் போய் ஒடுங்கும். மேட்டூர் அணையை வழக்கமாக ஜூன் 12 அன்று திறக்கிறார்கள். அந்தத் தண்ணீர் கடைசியாக வந்து சேரும் கடைமடை நாடு திருத்துறைப்பூண்டியும் வேதாரண்யமும். கடைமடை என்றால் என்ன என்று சென்னையிலிருந்து வருகிறவர்களுக்குத் தெரியாது. அங்கே நின்று விளக்கிவிடு. அன்று முழுவதும் நீ பேசப்போகிற எல்லாவற்றுக்கும் அதுதான் திறவுகோல்.

இதே சாலையில் 1930-ல் உப்புச் சத்தியாகிரகத்துக்காக ராஜாஜியும் தொண்டர்களும் நடந்தார்கள். ஏப்ரல் 13 அன்று திருச்சியில் புறப்பட்டவர்கள் தஞ்சாவூர், கும்பகோணம், நீடாமங்கலம், மன்னார்குடி, திருத்துறைப்பூண்டி என்று வந்து, 28-ஆம் தேதி வேதாரண்யம் சேர்ந்தார்கள். 30-ஆம் தேதி அகஸ்தியன்பள்ளியில் உப்பு எடுத்தார்கள். சத்தியாகிரகிகளுக்குச் சோறு போட்டால் சிறை என்று தஞ்சாவூர் கலெக்டர் தார்ன் எச்சரித்திருந்தார். அதனால் சாலையோர மரங்களில் சோற்று மூட்டைகளை யார் கட்டினார்கள் என்று தெரியாதபடி கட்டிவைத்தார்கள் நம் ஜனங்கள். இதை வேதாரண்யத்து நினைவுத் தூணுக்கு முன்னால் நின்று சொல்லாதே. மன்னார்குடி தாண்டி, சாலையோரம் மரம் அடர்ந்த ஓர் இடத்தில் வண்டியை நிறுத்தி, இறங்கி நின்று சொல். சித்திரை வெயில் எப்படி இருந்திருக்கும் என்று வந்தவர்களே மேலே பார்த்துக்கொள்வார்கள்.

அடுத்தது ரயில். நீராவி எஞ்சின் இல்லாத ரயிலைப் பாரம்பரிய ரயில் என்று சொல்லலாமா என்று கேட்டிருந்தாய். நல்ல கேள்வி. நீலகிரி மலை ரயிலை மனத்தில் வைத்துத்தான் நீ இந்தத் திட்டத்தைப் போட்டிருக்கிறாய் என்று தெரிகிறது. மேட்டுப்பாளையத்திலிருந்து ரயிலில் ஏற்றிவிட்டு, மலைச்சாலை வழியாக வேனில் இறக்கிக் கொண்டுவரும் ஏற்பாடு அங்கே வெகுநாள் பழக்கம். அந்த ரயில் பல்சக்கரத்தில் ஏறுகிறது. 2005-ல் யுனெஸ்கோ அதை உலகப் பாரம்பரியச் சின்னம் என்று அறிவித்தது. அங்கே ரயிலே காட்சி. திருத்துறைப்பூண்டியில் உனக்குக் கிடைப்பது சாதாரணப் பயணிகள் ரயில். அகலப்பாதையாக்கப்பட்டு, 2023 ஏப்ரல் 8 அன்று மீண்டும் தொடங்கி வைக்கப்பட்ட 37 கிலோமீட்டர் பாதை. அதை உள்ளபடியே சொல். பொய்யான அடைமொழி இந்த ரயிலுக்குத் தேவையில்லை. வண்டி புதிது என்றாலும் பாதையின் கதை பழையது.

நாகப்பட்டினத்தைத் தலைமையிடமாகக் கொண்ட கிரேட் சதர்ன் ஆஃப் இந்தியா கம்பெனி 1861-ல் நாகப்பட்டினத்துக்கும் தஞ்சாவூருக்கும் ரயில் விட்டது. 1894-ல் மாயவரத்திலிருந்து திருவாரூர், திருத்துறைப்பூண்டி வழியாக முத்துப்பேட்டைக்கு ஒரு பாதை வந்தது. இந்த இரண்டாவது பாதையைத்தான் நீ பெருமையோடு சொல்ல வேண்டும். அதைப் போட்டது தஞ்சாவூர் ஜில்லா போர்டு. லண்டனில் பங்கு விற்று இந்தியாவில் தண்டவாளம் போட்ட காலத்தில், இந்த ஜில்லாக்காரர்கள் நிலத்துக்குக் கட்டிய தீர்வையிலிருந்து எழுந்த ரயில் அது. வேதாரண்யம் பக்கம் போகும் கிளை பின்னால் வந்தது. ஒருகாலத்தில் அது அகஸ்தியன்பள்ளியைத் தாண்டிக் கோடியக்கரை வரைக்குமே ஓடியது. அந்தக் கடைசித் துண்டு கைவிடப்பட்டுவிட்டது. அகலப்பாதை அகஸ்தியன்பள்ளியோடு நிற்கிறது. ரயிலில் போய் வேனில் முடிக்கும் உன் திட்டத்துக்கு இந்த வரலாறே காரணம் என்று பயணிகளுக்குச் சொல்.

ரயில் விஷயத்தில் சில நடைமுறைகள். நேரத்தையும் அன்று வண்டி உண்டா என்பதையும் முந்தின நாளே நிலையத்தில் கேட்டு உறுதி செய்துகொள். எல்லோரையும் ஏற்றிவிட்டவுடன் டிரைவர் வேனைச் சாலை வழியாக ஓட்டிப் போய் அகஸ்தியன்பள்ளியில் காத்திருக்கட்டும்; தண்ணீர் கேனும் பைகளும் வேனிலேயே இருக்கட்டும். உன் ஆட்களை ஒரே பெட்டியில் மொத்தமாக உட்கார வைக்காதே. இரண்டிரண்டு பேராகப் பிரித்து ஏற்று. அது பள்ளிக்கூடத்துக்கும் ஆஸ்பத்திரிக்கும் சந்தைக்கும் போகிறவர்களின் ரயில். அவர்கள் பக்கத்தில் உட்கார்ந்து போனால், உனக்கே தெரியாத பத்து விஷயங்களை உன் பயணிகள் கேட்டுத் தெரிந்துகொண்டு இறங்குவார்கள். பார்க்க வேண்டியதை ஏறுவதற்கு முன்பே, பிளாட்பாரத்தில் வைத்துச் சொல்லிவிடு. ஏறிய பிறகு பேசாதே. ஜன்னலைத் தாண்டிப் பத்து விநாடியில் மறைந்துவிடுகிற ஒன்றைப் பற்றி நீ ஒரு நிமிடம் பேசினால், அடுத்த ஆறு காட்சிகளை அவர்கள் இழப்பார்கள்.

பிளாட்பாரத்தில் என்ன சொல்வது? மூன்றைக் கவனியுங்கள் என்று சொல்: மண், மரம், தண்ணீர். திருத்துறைப்பூண்டியை விட்டதும் கரிய களிமண்ணில் சம்பா வயல். கரியாப்பட்டினம், நெய்விளக்கு என்று போகப் போக நிலம் மணல் திட்டுகளாக மாறும். வயல் பள்ளத்தில் ஒதுங்கிக்கொள்ள, மேட்டில் மாவும் தென்னையும் முந்திரியும் பனையும் வரும். கடல் ஆயிரக்கணக்கான ஆண்டுகளில் படிப்படியாக விலகியபோது விட்டுப் போன பழைய கரைகள் அந்தத் திட்டுகள். மல்லிகையும் முல்லையும் புகையிலையும் அந்த மணலில்தான் விளைகின்றன. தோப்புத்துறை, வேதாரண்யம் தாண்டியதும் மரம் குறைந்து வெளி திறக்கும், அகஸ்தியன்பள்ளியில் உப்பளம். நல்ல தண்ணீர் நாட்டிலிருந்து உப்புத் தண்ணீர் நாட்டுக்கு 37 கிலோமீட்டருக்குள் வந்துவிடுகிறோம். சாலையில் கடைகளும் வேகத்தடைகளும் இந்த மாற்றத்தை மறைத்துவிடும். ரயில் அதை வெட்டவெளியில், ஒரே சீராகக் காட்டும். ரயிலை இந்த நாளுக்குள் நாம் வைப்பதற்கு முழுக் காரணமும் அதுதான்.

இந்த எல்லையில் விவசாயம் செய்கிறவர்கள் உப்பை எப்படிச் சமாளித்தார்கள் என்று யாராவது கேட்டால், குழியடிச்சான், களர்பாலை என்ற நெல் ரகங்களின் பெயரைச் சொல். உவர் நிலத்தையும் தாங்கும் ரகங்கள் அவை. திருத்துறைப்பூண்டியை அடுத்த ஆதிரெங்கத்தில் நெல் ஜெயராமன் 2006-ல் தொடங்கிய நெல் திருவிழா இப்படிப்பட்ட பழைய ரகங்களைத் திரும்ப விவசாயிகள் கைக்குக் கொண்டுவந்தது. 2018-ல் அவர் மறைந்தார். அந்த ரகங்களில் ஒன்றின் ஒரு பிடி நெல்லைப் பையில் வைத்திரு. நீளமான விளக்கத்தைவிட அது அதிகம் பேசும்.

பருவத்தைத் தேர்ந்தெடுப்பது உன் முதல் பொறுப்பு. ஐப்பசி, கார்த்திகையில் மழையும் புயலும், கூட்டிப் போகாதே. மார்கழியில் பறவைகள் நிறைந்திருக்கும், உப்பளங்களில் மழைநீர் நிற்கும், உப்பு வேலை நடக்காது. கோடையில் உப்பு வாருவார்கள், பறவைகள் வடக்கே போயிருக்கும். தைக் கடைசியும் மாசியும்தான் எல்லாம் சேர்ந்து வரும் காலம்: சம்பா அறுவடை முடிகிற தறுவாய், பாத்தி செப்பனிடும் வேலை தொடங்கியிருக்கும், பூநாரைகளும் உள்ளான்களும் இன்னும் இருக்கும். ‘வருடம் முழுவதும்’ என்று விளம்பரம் போடாதே. அந்தச் சில வாரம் நேர்மையாக நடத்தினால் போதும், பெயர் நிற்கும்.

உப்பளத்தில் இறங்கும்போது, பாத்தி வரப்பில் கேட்காமல் கால் வைக்காதே. வெயிலில் கண் கூசக் கூச வேலை செய்கிற பெண்களைப் படம் பிடிப்பதற்கு முன் பேசச் சொல். பேச விருப்பம் உள்ளவர் ஒருவரை முன்கூட்டியே ஏற்பாடு செய்து, கடல்நீரைப் பாத்திக்குப் பாத்தி விட்டு இறுக்கி உப்பாக்குவதை அவர் வாயாலேயே சொல்ல வை. அந்த அரை மணிக்கு அவருக்கு உன் கட்டணத்திலிருந்து கூலி கொடு. மதியச் சாப்பாடும் வேதாரண்யத்துக் கைச்சமையலாக இருக்கட்டும். இந்த நிலத்தைக் காட்டிச் சம்பாதிக்கிறோம் என்றால் இந்த நிலத்து மனிதர்களுக்கும் அதில் பங்கு போக வேண்டும்.

அங்கிருந்து வேனில் பத்து கிலோமீட்டருக்கும் குறைவான தூரம் கோடியக்கரை. பிற்பகல் வெயில் சாயும் நேரத்துக்குச் சரணாலயத்துக்குள் போ. வெளிமான்கள் புல்வெளியில் மேய்வது அப்போதுதான் கண்ணுக்குக் கிடைக்கும். அவற்றைக் காப்பதற்கென்றே 1967-ல் இந்தச் சரணாலயம் அறிவிக்கப்பட்டது. 2002-ல் ராம்சார் பட்டியலிலும் சேர்ந்தது. ஆண் மானின் கருமையையும் முறுக்கிய கொம்பையும் தூரத்திலிருந்தே பார்க்கட்டும். கிட்டே போக வண்டியை விரட்டச் சொன்னால் மறுத்துவிடு. சதுப்பு நிலத்தில் கொசு உள்ளானைக் காட்டு. முப்பது கிராம்கூட எட்டாத பறவை. வடதுருவத்தை ஒட்டிய சமவெளியில் முட்டையிட்டுவிட்டு, குளிர் காலத்துக்கு இங்கே வருகிறது. சாலிம் அலியும் பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகமும் இங்கே பறவைகளுக்கு வளையமிட்டு அவற்றின் வழிகளைத் தேடினார்கள். ஆறு வந்து முடியும் இடம் பறவைகளுக்கு ஏன் இரை நிறைந்த இடமாகிறது என்று அங்கே விளக்கு: வண்டலும் உப்பும் கலந்த சேற்றில்தான் புழுவும் இறாலும் பெருகுகின்றன. காலையில் மூணாறு தலைப்பில் தொடங்கிய பேச்சு அந்தச் சேற்றில் வந்து சேரும்.

பூங்குழலி படகு விட்ட இடம் எது என்று கட்டாயம் கேட்பார்கள். பூங்குழலி கல்கியின் நாவலில் வரும் கற்பனைப் பாத்திரம் என்று அன்போடு, தெளிவாகச் சொல். பிறகு குழகர் கோயிலைக் காட்டு. அது சுந்தரர் பாடிய தலம். சோழர் காலத்துக் கலங்கரை விளக்கம் என்று ஊரில் சொல்லப்படும் பழைய கட்டடம் 2004 ஆழிப்பேரலையில் இடிந்தது, அடிப்பகுதிதான் மிச்சம். இலங்கை அங்கிருந்து ஐம்பது கிலோமீட்டர் சொச்சத்தில். எது வரலாறு, எது ஊர்வழக்கு, எது நாவல் என்று மூன்றையும் பிரித்துச் சொல்லும் வழிகாட்டியை மக்கள் நம்புவார்கள். அந்த நம்பிக்கைதான் அடுத்த வருடம் அவர்களை உன்னிடமே திரும்ப அழைத்து வரும்.

2018 நவம்பர் 16 அன்று கஜா புயல் வேதாரண்யத்தின் அருகே கரை கடந்தது. மாவும் தென்னையும் வேரோடு சாய்ந்தன. பல குடும்பங்களுக்கு இரண்டு தலைமுறை உழைப்பு ஒரே இரவில் போயிற்று. அதை வேடிக்கையாகக் காட்டாதே. வழியில் இளம் தென்னைகள் மட்டும் நிற்கும் தோப்பைப் பார்த்து ஏன் என்று கேட்டால் சொல், போதும்.

இப்போது உன் திட்டத்துக்குத் திரும்ப வா. பதினோரு இடங்களில் மூணாறு தலைப்பு, ரயில், அகஸ்தியன்பள்ளி, சரணாலயம் ஆகிய நான்கை வைத்துக்கொண்டு மற்றதை விட்டுவிடு. வேதாரண்யேஸ்வரர் கோயிலுக்கு வேறொரு நாள் கொடு. அரை மணியில் பார்க்கும் கோயில் அது இல்லை. விலை வைப்பதற்கு முன், ஒருமுறை தனியாக இந்த வழி முழுவதும் போய் வா. எந்த இடத்தில் மண் நிறம் மாறுகிறது, எங்கே கடைசி நெல் வயல், எங்கே முதல் உப்புப் பாத்தி என்று நோட்டில் குறித்துக்கொள். அந்த நோட்டு நிரம்பிய பிறகு முதல் குழுவுக்குத் தேதி கொடு. அந்த முதல் குழுவில் எனக்கும் ஓர் இடம் ஒதுக்கு, கட்டணம் தருவேன்.

அன்புடன்,
தஞ்சாவூரிலிருந்து உன் மூத்த தொழில்தோழன்